துறைமுகம் இல்லாத துறைமுகப் பட்டினம்: தரங்கம்பாடியின் நிலமும் வரலாறும்

தரங்கம்பாடியில் இயற்கைத் துறைமுகம் கிடையாது. கப்பல் நுழையக்கூடிய ஆற்று முகத்துவாரமும் கிடையாது. அப்படிப்பட்ட ஊரை டென்மார்க் நாட்டினரான டேனியர் ஏன் தேர்ந்தெடுத்தார்கள், 225 ஆண்டுகள் அங்கே எப்படித் தாக்குப்பிடித்தார்கள், அவர்கள் போன பிறகு ஊர் ஏன் இவ்வளவு சுருங்கிவிட்டது என்பதுதான் கேள்வி. முதல் பகுதிக்கான விடை சுருக்கமானது. அவர்கள் இந்த ஊரைத் தேர்ந்தெடுக்கவில்லை. இலங்கையைத் தேடிக் கிளம்பியவர்களுக்குத் தஞ்சை நாயக்கர் கொடுத்த இடம் இது. மற்ற இரண்டு பகுதிகளுக்கும் விடை சொல்ல, கோட்டையைப் பற்றிப் பேசுவதற்கு முன் மண்ணையும் கடலையும் பற்றிக் கொஞ்சம் பேச வேண்டும். தரங்கம்பாடியைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் கோட்டையிலேயே தொடங்கிக் கோட்டையிலேயே முடித்துவிடுகிறார்கள். அதனால் ஊரின் வாழ்வும் தாழ்வும் ஏதோ வெள்ளைக்காரர்களின் விருப்பத்தால் மட்டுமே நடந்ததைப் போன்ற தோற்றம் உண்டாகிவிடுகிறது.

காவிரிப் படுகையின் கிழக்கு விளிம்பில், வங்கக் கடலை ஒட்டி அமைந்த ஊர் இது. 2020 டிசம்பரில் மயிலாடுதுறை தனி மாவட்டம் ஆகும் வரை நாகப்பட்டினம் மாவட்டத்தில் இருந்தது; இப்போது மயிலாடுதுறை மாவட்டத்தில் ஒரு வட்டத்தின் தலைமையிடம், ஆட்சி வகையில் பேரூராட்சி. வடக்கே சுமார் இருபது கிலோமீட்டரில் காவிரி கடலில் கலக்கும் பூம்புகார், தெற்கே நண்டலாற்றைத் தாண்டினால் புதுச்சேரி ஒன்றியத்தைச் சேர்ந்த காரைக்கால், அதற்கும் தெற்கே நாகூரும் நாகப்பட்டினமும் வரிசையாக வருகின்றன. மேற்கே ஒட்டினாற்போல் பொறையார்; இரண்டு ஊருக்கும் இடையில் எல்லை எங்கே இருக்கிறது என்பது வெளியூர்க்காரருக்குப் புலப்படாது. சற்று வடமேற்கே திருக்கடையூர். காவிரியிலிருந்து பிரியும் வீரசோழனாறு, நண்டலாறு போன்ற கிளைகள் இந்தப் பகுதியின் வயல்களுக்குப் பாய்ந்து, மிஞ்சிய நீரோடு கடலை நோக்கி வருகின்றன. கோட்டைக்குத் தெற்கே உப்பனாறு. பெயரே சொல்வதுபோல் அது கடல்நீர் ஏறி இறங்கும் கழி. வண்டல் நிலத்தின் சரிவு மிகக் குறைவு என்பதால் இந்த ஆறுகளுக்குக் கடலைத் தள்ளித் திறக்கும் வேகம் கிடையாது. வாயில் மணல்மேடு விழுந்து, வெள்ளக் காலத்தில் மட்டும் உடைந்து, மறுபடியும் அடைபடுகிறது.

கடற்கரை நேராகவும் திறந்ததாகவும் இருக்கிறது. கப்பலுக்கு மறைவு தரும் வளைகுடாவோ முனையோ இல்லை. பாய்மரக் கப்பல்கள் கரையிலிருந்து தள்ளி நங்கூரமிட்டு நிற்கும். சரக்கையும் ஆளையும் அலைமோதும் பகுதியைத் தாண்டிக் கொண்டுவருவது மசுலாப் படகுகளின் வேலை. ஆணி அடிக்காமல் பலகைகளைக் கயிற்றால் தைத்துச் செய்த அந்தப் படகுகள் அலையின் அடிக்கு வளைந்து கொடுக்கும். ஐரோப்பியரின் கெட்டியான படகு அதே இடத்தில் பிளந்துவிடும். ஆகவே கடலுக்கும் கரைக்கும் இடையிலான அந்தச் சிறிய தூரம், எந்தக் கொடி கோட்டையில் பறந்தாலும், கடைசிவரை உள்ளூர்ப் படகோட்டிகளின் கையில்தான் இருந்தது. வடகிழக்குப் பருவக்காற்று தொடங்கும் ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் கப்பல்கள் இந்தக் கரையை விட்டே விலகிவிடும். சோழமண்டலக் கரையில் இது எல்லா ஊருக்கும் பொதுவான குறை. சென்னைக்கும் செயற்கைத் துறைமுகம் கட்டும் வரை இதே நிலைதான். எனவே இந்தக் கரையில் ஓர் ஊர் வணிகத் தலமாவதற்குக் காரணம் கடலில் இல்லை, பின்புறத்து நிலத்தில்தான் இருந்தது. நெல்லும் நெசவும் நிறைந்த தஞ்சைச் சீமை எந்தக் கடற்கரைக்குத் தன் சரக்கை அனுப்பியதோ அந்தக் கரை வளர்ந்தது.

இனி பெயர். தரங்கம் என்றால் அலை; ஆகவே தரங்கம்பாடி என்பது ‘அலைகள் பாடும் ஊர்’ என்று சுற்றுலாக் கையேடுகள் சொல்கின்றன. கேட்க இனிமையான விளக்கம், ஆனால் தமிழ் ஊர்ப்பெயர்களின் இறுதியில் வரும் ‘பாடி’ பாடுவதைக் குறிப்பதில்லை. வேலப்பாடி, சந்திரபாடி என்பவற்றைப்போல் அது குடியிருப்பைக் குறிக்கும் விகுதி. அதைவிட முக்கியமானது, ஊரின் பழைய பெயர் தரங்கம்பாடியே அல்ல என்பது. கடலோரத்தில் இருக்கும் மாசிலாமணிநாதர் கோயிலில் பாண்டியன் மாறவர்மன் குலசேகரனின் கல்வெட்டு இருக்கிறது. அது 1305ஆம் ஆண்டை ஒட்டியது. அதில் ஊரின் பெயர் சடங்கன்பாடி என்றும், மன்னன் பெயரால் குலசேகரன்பட்டினம் என்றும் வருகிறது. சடங்கன்பாடி என்பது பேச்சில் திரிந்து தரங்கம்பாடி ஆகியிருக்க வேண்டும். அலைப்பொருள் பிறகு வந்து ஒட்டிக்கொண்டது. டேனியர் வாயில் அது திராங்கேபார் ஆயிற்று. ஆங்கிலேயர் எழுதியது டிராங்குபார். கிறித்தவத் தமிழில் இன்றும் ‘தரங்கை’ என்ற செல்லச் சுருக்கம் வழங்குகிறது.

‘பட்டினம்’ என்ற சொல்லைச் சாதாரணமாகக் கடந்துவிடக் கூடாது. வணிகம் நடந்த கடற்கரை ஊருக்குத்தான் அந்தப் பெயர். டேனியர் வருவதற்கு முந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே இங்கே வணிகம் நடந்தது, அதற்கு அரசனின் பெயரைச் சூட்டும் அளவுக்கு மதிப்பும் இருந்தது என்பதை அந்த ஒரு சொல் காட்டுகிறது. ஐரோப்பியர் வந்து மணல்மேட்டில் ஓர் ஊரை உண்டாக்கினார்கள் என்ற கதை தரங்கம்பாடிக்குப் பொருந்தாது.

டேனியரின் வருகை தற்செயல்களின் தொடர். ஆங்கிலேயரையும் டச்சுக்காரரையும் பார்த்து, டென்மார்க் அரசர் நான்காம் கிறிஸ்டியன் 1616இல் ஒரு கிழக்கிந்தியக் கம்பெனிக்கு உரிமை வழங்கினார். கண்டி அரசரின் தூதர் என்று சொல்லிக்கொண்டு கோபன்ஹேகனுக்கு வந்த மார்செலிஸ் டி போஸ்ஹவர் என்ற டச்சுக்காரர், போர்த்துக்கீசியரை எதிர்க்க உதவினால் இலங்கை வணிகத்தில் பெரும் பங்கு கிடைக்கும் என்று ஆசை காட்டினார். 1618இல் ஓவே யெட்டே என்ற இளம் படைத்தலைவரின் கீழ்க் கப்பல்கள் கிளம்பின. தூதர் வழியிலேயே இறந்துபோனார். 1620இல் இலங்கையை அடைந்தபோது அங்கே எதிர்பார்த்த உடன்பாடு கைகூடவில்லை. இதற்கிடையில் முன்னோடியாக அனுப்பப்பட்ட ஓரெசுண்ட் என்ற கப்பலைக் காரைக்கால் அருகே போர்த்துக்கீசியர் தாக்கி அழித்தார்கள். பிடிபட்டவர்களில் இருவரின் தலையை வெட்டி, எச்சரிக்கையாகக் கடற்கரையில் கழுமரத்தில் நட்டுவைத்தார்கள் என்று குறிப்புகள் கூறுகின்றன. கப்பலை நடத்திவந்த ரோலண்ட் கிராப்பே பதின்மூன்று பேரோடு தப்பிக் கரையேறி, தஞ்சை அரசவைக்குக் கொண்டுசெல்லப்பட்டார். சிறைப்பட்டவராகப் போனவர் பேச்சுவார்த்தை நடத்துபவராக மாறினார். தஞ்சையை ஆண்ட இரகுநாத நாயக்கர் 1620 நவம்பர் 19 அன்று டேனியரோடு ஒப்பந்தம் செய்து, தரங்கம்பாடியில் கோட்டை கட்டவும் வணிகம் செய்யவும் இடம் கொடுத்தார். டென்மார்க் அரசருக்கு அவர் பொன் தகட்டில் தமிழில் எழுதி அனுப்பிய மடல் இன்றும் கோபன்ஹேகனில் உள்ள அரசு ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.

நாயக்கர் ஏன் கொடுத்தார் என்று பலரும் கேட்பதில்லை. கேட்க வேண்டிய கேள்வி அதுதான். அவருடைய கடற்கரையில் நாகப்பட்டினம் போர்த்துக்கீசியரின் பிடியில் இருந்தது. ஒரே வாங்குபவர் இருக்கும் சந்தையில் விலை சொல்வது அவராகத்தான் இருக்கும். இன்னொருவரைக் கொண்டுவந்து உட்காரவைத்தால் போட்டியும் வரும், சுங்க வருவாயும் வரும், கடலில் போர்த்துக்கீசியருக்கு எதிராக ஓர் ஆளும் கிடைக்கும். டேனியர் வலிமை குறைந்தவர்கள் என்பது இங்கே குறையல்ல, தகுதி. அவர்களால் தஞ்சைக்கு ஆபத்து வராது. நிலம் விற்கப்படவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். ஆண்டுக்கு 3,111 ரூபாய் செலுத்த வேண்டும் என்பது ஏற்பாடு. தஞ்சையில் நாயக்கர் போய் மராட்டியர் வந்த பிறகும் இந்தக் கடப்பாடு தொடர்ந்தது; பணம் தாமதமானாலோ எல்லைத் தகராறு வந்தாலோ தஞ்சைப் படை ஊரைச் சூழ்ந்துகொள்வதும் நடந்தது. டேனியர் இங்கே குடியிருந்தவர்கள், தஞ்சை வீட்டுக்காரர் என்று சொன்னால் உறவுமுறை தெளிவாக விளங்கும்.

கோட்டைக்கு டான்ஸ்போர்க் என்று பெயர். செங்கல்லும் சுண்ணாம்பும் கொண்டு கட்டப்பட்ட இரண்டு அடுக்குக் கட்டடம். கீழே கிடங்கு, படைவீரர் தங்குமிடம், சிறை. மேலே ஆளுநரின் இருப்பிடமும் வழிபாட்டு அறையும். மூலைகளில் கொத்தளங்கள், சுற்றிலும் முன்னர் அகழி. கோட்டைக்கு முன்னே திறந்த அணிவகுப்புத் திடல், அதைத் தாண்டி ஒன்றுக்கொன்று இணையான தெருக்கள். ராஜவீதி, ராணிவீதி என்ற பெயர்கள் இன்றும் வழக்கில் உள்ளன. ராஜவீதியின் மேற்கு முனையில் ஊரின் நுழைவாயில் நிற்கிறது. இப்போது காணப்படும் வாயில் 1792இல் கட்டப்பட்டது. மதிலுக்குள் ஐரோப்பியர் மட்டும் வாழவில்லை. தமிழ் முஸ்லிம் வணிகர்கள், பொற்கொல்லர்கள், செட்டிகள், போர்த்துக்கீசிய மொழி பேசிய கலப்பினக் கத்தோலிக்கர்கள் ஆகியோருக்கும் உள்ளே தெருக்கள் இருந்தன. பள்ளிவாசலும் மாசிலாமணிநாதர் கோயிலும் தேவாலயங்களும் சில நிமிட நடையில் அடங்கிவிடும் தொலைவில் இருக்கின்றன. மதிலுக்கு வெளியே பொறையார், தில்லையாடி, எருக்கட்டாஞ்சேரி, சாத்தங்குடி போன்ற சிற்றூர்களும் டேனிய எல்லைக்குள் அடங்கியிருந்தன. ஊரின் வயிறு நிரம்பியது அந்த வயல்களிலிருந்துதான்.

முதல் நூற்றாண்டு பெருமைக்குரியதாக இல்லை. ஐரோப்பாவில் முப்பதாண்டுப் போரில் தலையிட்டு டென்மார்க் நொடித்தது. கப்பல்கள் வருவது அரிதாயிற்று. தலைமைப் பொறுப்பிலிருந்த பெர்ன்ட் பெசார்ட் கடனில் மூழ்கியிருந்தபோது, 1643இல் வந்து சேர்ந்த வில்லெம் லேயல் தன் சொந்தக் கம்பெனியின் கோட்டையையே முற்றுகையிட்டுக் கைப்பற்ற வேண்டியதாயிற்று. பிறகு அவருக்கு எதிராகவே படைவீரர் கலகம் செய்தார்கள். 1650இல் கம்பெனி கலைக்கப்பட்டது. 1655 முதல் 1669 வரை கோட்டையில் எஞ்சியிருந்த ஒரே டேனியர் எஸ்கில் ஆண்டர்சன் கோங்ஸ்பாக்கே என்ற சாதாரண நிலையிலிருந்து உயர்ந்த மனிதர். லேயல் வந்த பிறகு தாய்நாட்டிலிருந்து இருபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக ஒரு கப்பல்கூட வரவில்லை. உள்ளூர் ஆட்களைப் படையில் சேர்த்துக்கொண்டு, வங்கக் கடலில் கப்பல்களைப் பிடித்து வருவாய் தேடிக்கொண்டு, தஞ்சைப் படையைச் சமாளிக்க ஊருக்குச் சுற்றுமதில் எழுப்பி அவர் காத்திருந்தார். கடைசியில் 1669இல் கப்பல் வந்தபோது கோட்டையில் டேனியக் கொடி பறந்துகொண்டுதான் இருந்தது. இதை வீரக்கதையாக எழுதுவது டேனிய மரபு. எனக்குத் தோன்றுவது வேறு: ஒரே ஒரு டேனியரை வைத்துக்கொண்டு ஒரு டேனியக் குடியேற்றம் பதினான்கு ஆண்டுகள் நடந்தது என்றால், அதை நடத்தியவர்கள் உண்மையில் யார் என்பது தெளிவாகவே தெரிகிறது.

தரங்கம்பாடியின் பெயர் உலகுக்குத் தெரிந்தது வணிகத்தால் அல்ல. 1706 ஜூலை 9 அன்று, அரசர் நான்காம் பிரெடரிக் அனுப்பிய இரண்டு ஜெர்மானிய இளைஞர்கள், பர்த்தலோமேயு சீகன்பால்க், ஹென்றி புளுட்சாவ், இங்கே கரையிறங்கினார்கள். கம்பெனி அதிகாரிகள் அவர்களை விரும்பவில்லை. மதமாற்றம் வணிகத்தைக் கெடுக்கும் என்ற அச்சம். சில ஆண்டுகளுக்குள் தளபதி ஹாசியஸ் சீகன்பால்கை நான்கு மாதம் கோட்டைச் சிறையிலேயே அடைத்தார். அரசர் அனுப்பிய ஆளை அரசரின் கொடி பறக்கும் கோட்டையிலேயே சிறைவைத்த இந்த முரண்பாடு, தேவாலயத்தையும் கம்பெனியையும் ஒரே கையின் இரண்டு விரல்களாகப் பார்ப்பவர்கள் நினைவில் கொள்ள வேண்டியது.

சீகன்பால்க் தமிழ் கற்ற முறை அந்தக் காலத் திண்ணைப் பள்ளி முறை. சிறுவர்களோடு உட்கார்ந்து மணலில் விரலால் எழுதிப் பழகினார் என்பது பரவலாகச் சொல்லப்படும் செய்தி. இரண்டு ஆண்டுகளுக்குள் நூற்றுக்கும் மேற்பட்ட தமிழ் ஏட்டுச் சுவடிகளைத் திரட்டி, ஒவ்வொன்றுக்கும் குறிப்பு எழுதி 1708இல் ஒரு பட்டியல் ஆக்கினார். அந்தக் காலத்தில் காவிரிக் கரையில் எந்தெந்த நூல்கள் படிக்கப்பட்டன என்பதை அறிய அது இன்றும் பயன்படுகிறது. உள்ளூர்ப் பெரியவர்களுக்கு மதம், வழக்கம், கல்வி பற்றிக் கேள்விகள் எழுதி அனுப்பி, அவர்கள் எழுதிய பதில்கள் ஜெர்மானிய மொழியில் மொத்தம் 99 மடல்களாக ஜெர்மனியின் ஹாலே நகரில் அச்சாயின. தென்னிந்தியத் தெய்வங்களைப் பற்றி அவர் 1713இல் எழுதி முடித்த பெரிய நூலை ஹாலேயில் இருந்தவர்கள் அச்சிட மறுத்தார்கள். புறச்சமயத்தை ஒழிக்க அனுப்பப்பட்டவர் அதைப் பரப்பக் கூடாது என்பது அவர்கள் வாதம். அந்த நூல் 1867இல் சென்னையில்தான் முதலில் அச்சேறியது.

அச்சுக்கூடத்தைப் பற்றி ஒரு திருத்தம் சொல்ல வேண்டும். தமிழில் முதன்முதலில் அச்சடித்தது தரங்கம்பாடியில் என்று பலர் எழுதுகிறார்கள், அது சரியல்ல. 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ தமிழ் எழுத்தில் அச்சாகிவிட்டது; 1679இல் அம்பலக்காட்டில் தமிழ்–போர்த்துக்கீசிய அகராதி வெளிவந்திருக்கிறது. அந்த முயற்சிகள் தொடராமல் நின்றுபோயின. தரங்கம்பாடியின் பெருமை தொடர்ச்சியில் இருக்கிறது. இலண்டனிலிருந்து அச்சு எந்திரமும் ஹாலேயிலிருந்து தமிழ் எழுத்துகளும் வந்து சேர, 1713இல் தமிழ் அச்சு தொடங்கியது. ஹாலேயின் எழுத்துகள் மிகப் பெரியவை, காகிதத்தைத் தின்றன. ஆகவே உள்ளூரிலேயே சிறிய எழுத்துகள் வார்க்கப்பட்டன. காகிதம் ஐரோப்பாவிலிருந்து வர வேண்டியிருந்ததால், பொறையாரில் ஒரு காகிதப் பட்டறை தொடங்கினார்கள். பட்டறை நெடுநாள் நிலைக்கவில்லை. ஆனால் அந்த இடத்துக்குக் கடுதாசிப்பட்டறை என்ற பெயர் நிலைத்துவிட்டது. 1715இல் புதிய ஏற்பாடு முழுமையாகத் தமிழில் வெளிவந்தது. இந்திய மொழிகளில் அச்சான முதல் புதிய ஏற்பாடு அதுவே. எழுத்து வார்ப்பு, காகிதம், மை, புத்தகக் கட்டு என எல்லாவற்றையும் ஒரே ஊருக்குள் கொண்டுவந்த ஏற்பாடு அதற்கு முன் தமிழ்நாட்டில் இருந்ததில்லை.

ராஜவீதியில் சீயோன் ஆலயம் 1701இல் டேனியருக்காகக் கட்டப்பட்டது. தமிழ்ச் சபைக்காக எழுந்த புதிய எருசலேம் ஆலயம் 1718இல் திறக்கப்பட்டது. அதன் முகப்பில் அரசர் நான்காம் பிரெடரிக்கின் முத்திரை இருக்கிறது. அடுத்த ஆண்டே, 36 வயதில், சீகன்பால்க் இறந்து அதனுள்ளேயே அடக்கம் செய்யப்பட்டார். 1733இல் ஆரோன் என்ற தமிழர் இங்கே குருவாக அபிஷேகம் பெற்றார். இந்தியாவில் சீர்திருத்தத் திருச்சபையின் முதல் இந்தியக் குரு அவர். 1919இல் உருவான தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபையின் தலைமையகம் திருச்சிராப்பள்ளியில் இருந்தாலும், அதன் பேராயருக்கு இன்றும் ‘தரங்கைப் பேராயர்’ என்றே பட்டம்.

மறைப்பணிக்கு வந்தவர்கள் செய்த இன்னொரு வேலை அதிகம் பேசப்படுவதில்லை. உயிரினங்களுக்கு அறிவியல் பெயர் சூட்டும் முறையை வகுத்த லின்னேயசின் மாணவரான யோகான் கெர்ஹார்ட் கோனிக் 1768இல் மருத்துவராகத் தரங்கம்பாடிக்கு வந்து, இந்தப் பகுதியின் செடிகொடிகளைச் சேகரித்து ஐரோப்பாவுக்கு அனுப்பினார். நாம் தாளிதத்தில் போடும் கறிவேப்பிலையின் அறிவியல் பெயரில் ‘கோனிகி’ என்று வருவது அவர் பெயர்தான். கிறிஸ்டோப் சாமுவேல் ஜான் என்பவர் மீன்களையும் பாம்புகளையும் பதப்படுத்தி அனுப்பினார். கடலில் கிடைக்கும் கத்தாளை மீன்களில் ஒரு பேரினத்துக்கு அவர் பெயர் வைக்கப்பட்டிருக்கிறது. எனக்குப் பிடித்தது தால்டோர்ப் என்ற டேனியப் படை அதிகாரியின் கதை. 1791இல் தரங்கம்பாடியில் குளத்தருகே நின்ற பனைமரத்தில், தரையிலிருந்து ஐந்தடி உயரத்தில் ஒரு மீன் ஏறிக்கொண்டிருந்ததைப் பார்த்ததாக அவர் எழுதியது 1797இல் இலண்டனில் லின்னேயன் கழகத்தின் இதழில் வெளிவந்தது. ஐரோப்பிய அறிஞர்கள் பலர் நம்ப மறுத்து நெடுநாள் வாதிட்டார்கள். அந்த மீனுக்குத் தமிழில் ஏற்கெனவே பனையேறிக் கெண்டை என்றே பெயர்.

வணிகம் தழைத்தது பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில். 1777இல் குடியேற்றம் கம்பெனியிடமிருந்து அரசரின் நேரடி ஆட்சிக்கு மாறியது. ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் கடலில் மோதிக்கொண்டிருந்தபோது டென்மார்க் நடுநிலை வகித்ததால், எந்தத் தரப்பின் சரக்கும் டேனியக் கொடியின் கீழ்ப் பத்திரமாகப் போகலாம் என்ற நிலை ஏற்பட்டது. தங்கள் நிறுவன விதிகளை மீறிச் சம்பாதித்த பணத்தை ஐரோப்பாவுக்குக் கடத்த விரும்பிய ஆங்கிலேய அதிகாரிகளுக்கும் அந்தக் கொடி பயன்பட்டது. கடற்கரை ஆளுநர் மாளிகை போன்ற தூண் தாழ்வாரம் கொண்ட பெரிய வீடுகள் இந்தச் செழிப்பின் அடையாளங்கள். நடுநிலை உடைந்ததும் செழிப்பும் போயிற்று. நெப்போலியன் காலப் போர்களில் 1801இல் சிறிது காலமும், 1808 முதல் 1815 வரையும் ஆங்கிலேயர் ஊரைப் பிடித்துவைத்தார்கள். திருப்பிக் கொடுத்தபோது விற்பதற்குச் சரக்கு இல்லை. ஆங்கிலேய ஆலைத் துணி இந்தியக் கைத்தறியை ஐரோப்பியச் சந்தையிலிருந்து துரத்திவிட்டிருந்தது. 1845இல் தரங்கம்பாடியையும் வங்காளத்துச் செராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை இலட்சம் ரூபாய்க்கு ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு டென்மார்க் விற்றுவிட்டது.

விற்ற உடனே ஊர் சாய்ந்துவிடவில்லை. 1845 முதல் 1860 வரை தஞ்சாவூர் மாவட்ட ஆட்சியர் அலுவலகம் இங்கேதான் இருந்தது. பின்னாளில் தமிழின் முதல் நாவலை எழுதிய மாயூரம் வேதநாயகம் பிள்ளை 1857இல் முன்சீப்பாகப் பணியேற்றதும் இந்த ஊரில்தான். ஆட்சியர் அலுவலகம் தஞ்சைக்குப் போனது முதல் அடி. அதைவிடப் பெரிய அடி, நாகப்பட்டினத்திலிருந்து தஞ்சை வழியாகத் திருச்சிராப்பள்ளிக்கு 1860களின் தொடக்கத்தில் ஓடத் தொடங்கிய இரயில். படுகையின் நெல்லும் மக்களும் எந்தக் கரைக்குப் போக வேண்டும் என்பதை அதன் பிறகு தண்டவாளம் தீர்மானித்தது. மாயவரத்திலிருந்து தரங்கம்பாடிக்கு இரயில் வந்தது 1926இல். வணிகம் வேறு கரைக்குப் போய் இரண்டு தலைமுறை ஆகிவிட்டது. அந்த மீட்டர்பாதையும் 1986இல் மூடப்பட்டது. பெரிய துறைமுகமாக வளராததால்தான் பழைய தெருக்களை இடிக்க யாருக்கும் அவசியம் நேரவில்லை என்பதும் உண்மை. ஊர் ஏழையானதே கட்டடங்களைக் காப்பாற்றியது. டான்ஸ்போர்க் கோட்டையே 1970களின் பிற்பகுதி வரை அரசு அதிகாரிகள் தங்கும் பயணியர் விடுதியாக இருந்து, பிறகுதான் தமிழ்நாடு தொல்லியல் துறையின் அருங்காட்சியகமாயிற்று.

ஊரை ஒட்டிய தில்லையாடிக்கும் தனி வரலாறு உண்டு. தென்னாப்பிரிக்கப் போராட்டத்தில் சிறை சென்று 1914இல் பதினாறு வயதில் உயிர்நீத்த வள்ளியம்மையின் குடும்பத்து ஊர் அது. தாயகம் திரும்பிய காந்தி 1915இல் தரங்கம்பாடிக்கும் தில்லையாடிக்கும் வந்தார். தஞ்சைப் படுகையிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாகக் கடல்கடந்தவர்களின் கதையைச் சொல்லாமல் இந்தக் கரையின் பத்தொன்பதாம் நூற்றாண்டை முழுமையாகச் சொல்ல முடியாது. துணி போன கடல்வழியில் பிறகு மனிதர்கள் போனார்கள்.

இனி கடல் எடுத்துக்கொண்டதைப் பற்றி. இந்தக் கரையில் மணல் ஓயாமல் நகர்கிறது. தென்மேற்குப் பருவத்தில் வடக்கு நோக்கியும் வடகிழக்குப் பருவத்தில் தெற்கு நோக்கியும் நகர்ந்து, ஆண்டுக் கணக்கில் வடக்கு நோக்கியே மிகுதியாகப் போகிறது. காவிரியின் குறுக்கே அணைகள் எழுந்த பிறகு ஆறு கொண்டுவரும் மணலும் குறைந்துவிட்டது. மாசிலாமணிநாதர் கோயிலின் முன்பகுதி எப்போதோ அலைகளுக்குள் போய்விட்டது. கருவறைப் பகுதியைக் கடல் தொடும் நிலையில் நெடுநாள் நின்று, அண்மைக் காலத்தில்தான் திருப்பணி கண்டது. கடலோரத்தில் இருந்த பழைய மதிலின் பகுதிகளும் தண்ணீருக்குள் சிதைந்து கிடக்கின்றன. 2004 டிசம்பர் 26 அன்று வந்த ஆழிப்பேரலையில் அன்றைய நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள்; தரங்கம்பாடியில் மிகக் கடுமையாக அடிபட்டது கோட்டைக்கு வடக்கே இருந்த மீனவர் குடியிருப்பு. பல குடும்பங்கள் கடலிலிருந்து தள்ளிக் கட்டிய புதிய வீடுகளுக்கு மாற்றப்பட்டன. பாதுகாப்பு என்ற வகையில் அது சரி. ஆனால் கடலின் நிறத்தையும் காற்றின் போக்கையும் வாசலில் நின்றே பார்த்து வலையெடுத்தவர்களுக்கு அந்தத் தூரம் சிறிய மாற்றமல்ல. கரை நெடுக இப்போது கருங்கல் கொட்டப்பட்டிருக்கிறது. கற்கள் கொட்டிய இடத்தில் கரை நிற்கிறது; மணலின் ஓட்டம் தடைபடுவதால் அடுத்த பகுதி அரிக்கப்படுகிறது என்பது இந்தக் கரை முழுவதும் காணும் அனுபவம்.

கடைசியாக, தரங்கம்பாடிக் கடற்கரையில் ஓசோன் மிகுந்த காற்று வீசுகிறது, அது உடம்புக்கு நல்லது என்று திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது. மூச்சில் போகும் ஓசோன் நுரையீரலுக்குத் தீங்கானது. அது மிகுதியாக இருந்தால் அங்கே போகக் கூடாது என்றுதான் பொருள். அங்கே வீசுவது நல்ல கடல்காற்று, அவ்வளவுதான். போகிறவர்கள் காலையில் போவது நல்லது. நுழைவாயிலில் இறங்கி ராஜவீதி வழியாகக் கடலை நோக்கி நடந்தால், சீயோன் ஆலயம், எருசலேம் ஆலயம், ஆளுநர் மாளிகை, கோட்டை எல்லாம் அரை மணி நேரத்தில் வந்துவிடும். பெரும்பாலோர் கோட்டையோடு திரும்பிவிடுகிறார்கள். அங்கிருந்து கரையோரமாகக் கொஞ்சம் வடக்கே நடந்தால் மாசிலாமணிநாதர் கோயில். சடங்கன்பாடி என்ற பெயர் பொறித்த கல் இருப்பது அங்கேதான்.